பனித்தூபி

லடாக்கில் குளிர்கால ஓடைநீரைக் கூம்பு வடிவில் உறையவைத்து, விதைப்புப் பருவத்தில் உருகவிட்டுப் பாசனம் செய்யும் முறை. அங்குள்ள லே நகரம் சுமார் 3,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஆண்டு மழை ஏறக்குறைய 100 மி.மீ.தான். வேளாண்மைக்குப் பனியாற்று நீரே கதி. வெப்பம் ஏற ஏறச் சிறு பனியாறுகள் மலையுச்சிப் பக்கம் ஒடுங்குகின்றன. ஏப்ரல், மே மாதங்களில் பார்லி விதைக்கும்போது வாய்க்கால் காய்ந்து கிடக்கும். ஜூனுக்குப் பிறகோ தண்ணீர் வேண்டிய மட்டும் வரும்.

பொறியாளர் செவாங் நோர்ஃபெல் 1980களிலேயே, உயரமான நிழற்சரிவுகளில் கற்சுவர் எழுப்பிச் செயற்கைப் பனியாறுகளை உருவாக்கினார். மற்றொரு பொறியாளரான சோனம் வாங்சுக் 2013-14 குளிர்காலத்தில் அந்தப் பனியை ஊர்ப்பக்கமே இறக்கி, செங்குத்தாக நிறுத்திப் பார்த்தார். இதற்கு மின்சாரமோ பம்போ வேண்டாம். மேட்டு ஓடையிலிருந்து குழாயைப் புதைத்துக் கொண்டுவந்தால், உயர வேறுபாடே நீரை மேலே பீச்சியடிக்கும். இரவுக் குளிரில் துளிகள் விழுந்த இடத்திலேயே உறைந்து, அடியில் குவித்த முட்கிளைகளின்மேல் அடுக்கடுக்காக ஏறும். தட்டையாகப் பரந்த பனியைவிடக் கூம்பில் வெயில் படும் பரப்பு குறைவு. அதனால் மெல்லக் கரையும்.

சிக்கல்களும் உண்டு. குழாய்க்குள்ளேயே நீர் உறைந்துவிடும். நள்ளிரவில் ஆள் போய்ச் சரிபார்க்க வேண்டும். குளிர்கால நீர் யாருக்கு என்று மேலூருக்கும் கீழூருக்கும் சச்சரவும் எழுந்ததுண்டு. பனியாறு தேய்வதை இது தடுப்பதில்லை. குளிர்காலத்தில் வீணாகும் நீரைச் சில மாதம் தள்ளிவைக்கிறது, அவ்வளவே.