மூன்று கொடிகளைச் சுமந்த கொடி

ஒரு நாட்டின் தேசியக் கொடி அந்நாட்டு மக்கள் அனைவரையும் ஒன்றிணைப்பதென்று பொதுவாகக் கூறப்படும். ஆயின், கொடியொன்று எவரெவரின் இணக்கத்தால் உருவாயிற்று, எவரைக் கேளாமலே உயர்த்தப்பட்டது என்பவற்றை ஆராயுமிடத்தே அதன் உண்மைப் பொருள் புலனாகும். 1928 முதல் 1994 வரை தென்னாபிரிக்காவின் தேசியக் கொடியாக விளங்கிய கொடி இதற்குத் தக்க சான்றாகும். இனவொதுக்கல் ஆட்சி 1948 இலேயே தொடங்கியது. கொடியோ அதற்கு இருபது ஆண்டுகள் முற்பட்டது. எனவே அதனை இனவொதுக்கலின் சின்னமெனல் தகாது என்று வாதிடுவோர் உளர். இவ்வாதம் எத்துணை பொருந்தும் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1899 முதல் 1902 வரை ஆங்கிலேயருக்கும், ஒல்லாந்தக் குடியேறிகளின் வழிவந்த போயருக்குமிடையே கடும்போர் நிகழ்ந்தது. போரில் திரான்சுவால், ஒறேஞ் சுதந்திர அரசு ஆகிய போயர் குடியரசுகள் இரண்டும் தம் சுதந்திரத்தை இழந்தன. 1910 மே 31 இல் அவ்விரண்டும், பிரித்தானியக் குடியேற்ற நாடுகளான கேப், நேற்றால் என்பனவும் இணைந்து தென்னாபிரிக்க ஒன்றியமாயின. ஆட்சியமைப்பு ஒன்றாயினும் போரின் வடு ஆறவில்லை. ஆங்கிலேயருக்கு யூனியன் ஜாக் கொடி பேரரசின் பெருமை. போயருக்கோ அது தோல்வியின் நினைவு.

1924 இல் ஹேர்ட்சோக் தலைமையில் ஆட்சிக்கு வந்த அரசு, நாட்டிற்குத் தனிக்கொடி வேண்டுமெனத் துணிந்தது. உள்நாட்டு அமைச்சர் மலான் யூனியன் ஜாக்கிற்கு இடமளிக்காத கொடியொன்றையே விரும்பினார். ஆங்கிலேயர் செறிந்து வாழ்ந்த நேற்றாலில் எதிர்ப்பு மிகுந்தது. ஒன்றியத்திலிருந்து பிரிந்து செல்வோம் என்ற குரலும் அங்கு எழுந்தது. ஈற்றில் 1927 இல் இணக்கம் காணப்பட்டுச் சட்டம் நிறைவேறியது. புதிய கொடி 1928 மே 31 இல் முதன்முதலாக ஏற்றப்பட்டது. எனினும் யூனியன் ஜாக் முற்றாக இறக்கப்படவில்லை. 1957 வரை குறிப்பிட்ட சில இடங்களில் இரு கொடிகளும் அருகருகே பறந்தன.

கொடியின் அமைப்பே அதன் வரலாற்றைக் கூறுவதாகும். மேலிருந்து கீழாகச் செம்மஞ்சள், வெள்ளை, நீலம் என்னும் மூன்று கிடைப்பட்டைகள் ஒல்லாந்தரின் பழைய 'இளவரசர் கொடி'யை நினைவூட்டுவன. வெள்ளைப்பட்டையின் நடுவே மூன்று சிறு கொடிகள் வைக்கப்பட்டன. கம்பத்தின் பக்கமாகக் கேப், நேற்றால் ஆகியவற்றுக்கென யூனியன் ஜாக்கும், நடுவில் ஒறேஞ் சுதந்திர அரசின் கொடியும், மறுபக்கத்தில் திரான்சுவாலின் நான்கு வண்ணக் கொடியும் இடம்பெற்றன. தோற்றவருக்கும் வென்றவருக்கும் ஒரே துணியில் இடமளித்தமையின், இதனை இணக்கத்தின் சின்னமெனப் பலர் போற்றினர். அப்போற்றுதலில் உண்மை இல்லாமல் இல்லை. போர் முடிந்து கால் நூற்றாண்டிற்குள் பகைவர் இருவர் ஒரு கொடியின் கீழ் நிற்க உடன்பட்டமை எளிய செயலன்று.

ஆயினும் அவ்விணக்கம் இருவருக்கிடையே மட்டும் நிகழ்ந்தது. நாட்டின் பெரும்பான்மையினரான ஆபிரிக்கரைக் குறிக்கும் நிறமோ உருவோ அக்கொடியில் இல்லை. 1910 இன் யாப்புப்படி ஐரோப்பிய வழித்தோன்றல்களே ஒன்றியப் பாராளுமன்றத்தில் உறுப்பினராகலாம். 1913 இன் நிலச் சட்டம் ஆபிரிக்கருக்கென ஒதுக்கியது நாட்டின் நிலத்தில் ஏறத்தாழ நூற்றுக்கு 7 பங்கே. 1860 முதல் நேற்றாலின் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுசெல்லப்பட்ட இந்தியருக்கும் அக்கொடியில் இடமில்லை. அவர்களுள் தமிழர் பலர் என்பது ஈண்டு குறிப்பிடத்தக்கது. மலானும் நேற்றால் ஆங்கிலேயரும் ஆண்டுக்கணக்கில் வழக்காடியது யூனியன் ஜாக்கைப் பற்றியே; ஏனையோரின் இடம் அவர்தம் வழக்கிற் சேரவில்லை.

1948 இல் இனவொதுக்கலை அரசின் கொள்கையாக்கிய ஆட்சிக்குத் தலைமை தாங்கியவர் கொடிச் சட்டத்தைக் கொணர்ந்த அதே மலான் ஆவார். அவ்வாட்சிக்குப் புதிய கொடி தேவைப்படவில்லை. 1961 இல் நாடு குடியரசாகிய போதும் கொடி மாற்றப்படவில்லை. இனவொதுக்கலின் வித்து 1928 இன் கொடியிலேயே இருந்ததெனக் கூறுவது மிகையாகாது.

1992 இல் பார்சிலோனா ஒலிம்பிக்கில் தென்னாபிரிக்க வீரர் பழைய கொடியை விடுத்து நடுநிலைக் கொடியின் கீழ்ச் சென்றனர். அதே ஆண்டு ஜொகனஸ்பேர்க்கில் நியூசிலாந்துக்கு எதிராக நடைபெற்ற றக்பிப் போட்டியில் வெள்ளைய இரசிகர்கள் பழைய கொடிகளை அசைத்து நின்றனர். ஒரே கொடி ஒரு சாராருக்கு வீடாகவும் மறுசாராருக்கு அடைத்த கதவாகவும் இருந்தமையை இது புலப்படுத்தியது. 1994 ஏப்ரல் 27 இல், அனைவரும் வாக்களித்த முதற் பொதுத்தேர்தல் நாளில், பிரடெரிக் பிரவுனெல் வரைந்த ஆறு வண்ணக் கொடி ஏற்றப்பட்டது. அதன் நிறங்களுக்கு அரசு பொருள் எதனையும் விதிக்கவில்லை. நிறங்களை இன்னின்னாருக்கெனப் பங்கிட்டால் பழைய வழக்கு மீண்டும் தலையெடுத்திருக்கும் என்பதை எண்ணுமிடத்து, இம்மௌனம் அறிவுடையதென்றே தோன்றுகிறது.

நெல்சன் மண்டேலா மன்றம் தொடுத்த வழக்கில், தக்க காரணமின்றிப் பழைய கொடியைக் காட்டுதல் வெறுப்புரையாகும் என 2019 இல் சமத்துவ நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கலை, கல்வி, ஊடகம் சார்ந்த பொதுநலப் பயன்பாட்டிற்கு அது விலக்களித்தது. எனவே அக்கொடி வரலாற்று மாணவரின் பார்வையினின்று மறைக்கப்படவில்லை. மறைக்கப்படாமல் இருத்தலும் நன்றே. இருவர் தமக்குள் நீதியாக நடந்துகொண்டே மூன்றாமவருக்கு அநீதி இழைக்கலாம் என்பதை அக்கொடியைப் போல் தெளிவாக உணர்த்தும் சின்னங்கள் சிலவே. ஒரு கொடியின் முன் நாம் கேட்கவேண்டிய முதல் வினா, அதில் யார் உளர் என்பதன்று. அதில் யார் இலர் என்பதே.