ஒரு சவப்பெட்டியும் ஒரு தளபதியும்



ஸ்கொட்லாந்தின் பேர்த்ஷயர் பகுதியில் பெரும் நிலக்கிழாராக வாழ்ந்தவர் தோமஸ் கிரஹாம் (1748–1843). 1774இல் மேரி என்பவரை மணந்தார். நோயுற்ற மனைவியைச் சுகம் தேடி பிரான்சின் தென்கரைக்கு அழைத்துச் சென்றார். 1792 யூனில், அந்தக் கரையோரத்தில் நின்ற கப்பலிலேயே மேரியின் உயிர் பிரிந்தது.

உடலை ஊருக்குக் கொண்டுவரும் வழியில், துலூஸ் நகருக்கு அருகே, புரட்சி அரசின் காவலர்கள் சவப்பெட்டியை உடைத்துச் சோதனையிட்டார்கள். சோதனைச்சாவடிகளைக் கடந்து வந்த எங்களுக்கு அந்த வேதனையை யாரும் விளக்கத் தேவையில்லை.

அதுவரை படையில் பணியாற்றாத கிரஹாம், 1793இல் பிரான்சுக்கு எதிரான போரில் தொண்டராகச் சேர்ந்தார். 1794இல் தன் பணத்தில் 90ஆவது படைப்பிரிவைத் திரட்டினார். அதே ஆண்டு முதல் 1807 வரை பாராளுமன்ற உறுப்பினராகவும் இருந்தார். 1811இல் ஸ்பெயினின் பரோசாவில் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்தபோது அவருக்கு வயது 62. 1814இல் லின்டொக் பிரபு என்ற பட்டம் கிடைத்தது.

காவலர்களுக்கு அது ஒருநாள் வேலை. கிரஹாமுக்கோ இருபது ஆண்டுப் போர். இறந்தவரை அவமதிக்கும் எந்த அரசும் இந்தக் கணக்கை மறக்கக் கூடாது.

அவர் மறுமணம் செய்யவில்லை. ஓவியர் கெய்ன்ஸ்பரோ வரைந்த மேரியின் படத்தைப் பார்க்க மனம் வராமல் ஒளித்து வைத்தார். அது இன்று எடின்பரோவிலுள்ள தேசிய ஓவியக்கூடத்தில் இருக்கிறது. 95 வயதில் காலமான கிரஹாம், மெத்வென் என்ற ஊரில் மேரியின் பக்கத்திலேயே அடக்கம் செய்யப்பட்டார்.