கேம் ஐடி பேரை மாத்தணுமா? ஃப்ரீ எது, காசு எது, மாத்தவே முடியாதது எது? முழு விவரம்

எட்டாவது படிக்கும்போது ஆர்வக்கோளாறில் ஓபன் பண்ணிய கேம் அக்கவுண்ட். சொந்தப் பேரு, இனிஷியல், பிறந்த வருஷம், ஊர்ப் பேரு எல்லாத்தையும் ஒட்டி ஒரு ஐடி. இப்போது காலேஜ் முடித்து வேலைக்கும் போயாச்சு. ஆனால் லாபியில் இன்னமும் அதே பேருதான் தலைக்கு மேல் மிதக்கிறது.

"மாத்திட்டா போச்சு" என்று தோன்றும். சில கேம்களில் உண்மையிலேயே பத்து செகண்ட் வேலைதான். சிலவற்றில் காசு கேட்பார்கள். சிலவற்றில் மூன்று மாதம் காத்திருக்கணும். ஒன்றிரண்டு இடங்களில் மாற்றவே முடியாது.

இதையெல்லாம் விட பெரிய சிக்கல் ஒன்று இருக்கிறது. பேரை மாற்றினாலும் பழைய பேரு பல இடங்களில் அப்படியே கிடக்கும். யாரோ ஒருவரின் தொந்தரவு தாங்காமல்தான் பேரை மாற்றுகிறீர்கள் என்றால், இது ரொம்ப முக்கியம்.

ஒரு அக்கவுண்ட், மூணு அடையாளம்

முதலில் ஒரு விஷயம் தெளிவாகணும். நீங்கள் பார்க்கும் பேரும், கேம் உங்களை அடையாளம் வைத்திருக்கும் பேரும் ஒன்று இல்லை.

ஸ்டீம் நல்ல உதாரணம். அங்கே லாகின் செய்ய ஒரு அக்கவுண்ட் நேம் இருக்கும். அதை எந்தக் காலத்திலும் மாற்ற முடியாது. மற்றவர்களுக்குத் தெரிவது புரொஃபைல் நேம். அதை எத்தனை தடவை வேண்டுமானாலும் இலவசமாக மாற்றலாம். இந்த இரண்டுக்கும் அடியில் 17 இலக்கத்தில் ஒரு நம்பர் இருக்கிறது, அதுதான் ஸ்டீம் ஐடி. நீங்கள் வாங்கிய கேம், நண்பர்கள் லிஸ்ட், வாங்கிய தடை எல்லாம் இந்த நம்பரோடுதான் ஒட்டியிருக்கும்.

அதனால் பேரு மாற்றினால் பேன் போய்விடும் என்று யாராவது சொன்னால் நம்பாதீங்க. போகாது. அதேபோல், மேட்ச்சில் ஆபாசமாகப் பேசிய ஒருவரைப் புகார் செய்யும்போது பேரை மட்டும் ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் போதாது. அவர் அடுத்த நாளே பேரை மாற்றிவிடலாம். புரொஃபைலுக்குள் போய் யூஐடி நம்பரும் தெரிகிற மாதிரி எடுத்து வைக்கணும்.

மொபைல் கேம்களில் எப்படி?

பிஜிஎம்ஐயில் பேரு மாற்ற ரீநேம் கார்டு வேண்டும். அது இருந்தால், இன்வென்டரிக்குள் போய் கார்டைத் தேர்ந்தெடுத்து 'யூஸ்' கொடுத்து, புதுப் பேரை டைப் செய்தால் முடிந்தது. கார்டு ஆட்டத்தின் மிஷன்களிலும் கிடைக்கும், யூசி கொடுத்தும் வாங்கலாம். பொறுமை இருந்தால் முதல் வழியே போதும்.

ஃப்ரீ ஃபயர் மேக்ஸில் இடது மேல் மூலையில் இருக்கும் புரொஃபைல் பேனரைத் தொட்டு, பேருக்குப் பக்கத்தில் உள்ள பென்சிலைத் தொட்டால் போதும். ஆனால் அங்கே 390 டைமண்ட் கேட்கும். கில்டில் இருப்பவர்களுக்கு மலிவான வழி ஒன்று உண்டு. ஸ்டோரில் ரிடீம் பகுதியில் கில்டு டோக்கன்களோடு கொஞ்சம் டைமண்ட் சேர்த்துக் கொடுத்தால் பேரு மாற்றும் கார்டு வாங்கலாம்.

ரோப்லாக்ஸை வீட்டில் சின்னப் பசங்க ஆடினால் பெற்றோர் இதைக் கவனிக்கணும். அங்கே யூசர்நேம் வேறு, டிஸ்ப்ளே நேம் வேறு. டிஸ்ப்ளே நேமை 7 நாளுக்கு ஒருமுறை இலவசமாக மாற்றலாம். யூசர்நேமை மாற்ற 1,000 ரோபக்ஸ் ஆகும். வித்தியாசம் தெரியாமல் செட்டிங்ஸில் கை வைத்து, காசு போனபின் வீட்டில் பஞ்சாயத்து நடப்பதும் உண்டு. இன்னொன்று, யூசர்நேமைக் காசு கொடுத்து மாற்றினாலும் பழைய யூசர்நேம் புரொஃபைலில் தெரியும். குழந்தையின் முழுப்பேரு, ஸ்கூல் பேரு அதில் இருந்தால் 1,000 ரோபக்ஸ் செலவு செய்தும் பயன் பாதிதான். அந்த மாதிரி நேரத்தில் புது அக்கவுண்ட் தொடங்குவதே நல்லது.

கம்ப்யூட்டரில் ஆடுபவர்களுக்கு

வாலரண்ட், லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் இரண்டுக்கும் ஒரே ரயட் ஐடிதான். பேரு, ஹேஷ் குறி, அதன்பின் 3 முதல் 5 எழுத்து வரை ஒரு டேக். ஒரே பேரை ஆயிரம் பேர் வைத்துக்கொள்ளலாம், டேக் மட்டும் வேறாக இருக்கணும். ரயட் வெப்சைட்டில் லாகின் செய்து 90 நாளுக்கு ஒருமுறை இலவசமாக மாற்றலாம். அவசரத்தில் ஸ்பெல்லிங் தப்பாக அடித்து 'சேவ்' கொடுத்தால், மூன்று மாதம் அந்தத் தப்போடுதான் ஆடணும். ஒருமுறைக்கு ரெண்டுமுறை பாருங்க.

எபிக் கேம்ஸில், அதாவது ஃபோர்ட்நைட் அக்கவுண்டில், இரண்டு வாரத்துக்கு ஒருமுறை மாற்றலாம். இமெயில் வெரிஃபை ஆகியிருக்கணும். பழைய ஸ்கூல் காலத்து இமெயிலின் பாஸ்வேர்டு மறந்தவர்கள் இங்கேதான் மாட்டிக்கொள்வார்கள். முதலில் இமெயிலைச் சரிசெய்யுங்கள், பேரு அப்புறம்.

மைன்கிராஃப்ட் ஜாவா எடிஷனில் பேரு மாற்றும் வசதி 2015 பிப்ரவரியில்தான் வந்தது. 30 நாளுக்கு ஒருமுறை மாற்றலாம். நீங்கள் விட்ட பேரு 37 நாள் வரை யாருக்கும் போகாது. அதற்குள் மனசு மாறினால் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். 37 நாள் தாண்டினால் யார் வேண்டுமானாலும் அந்தப் பேரில் வரலாம். உங்கள் பழைய பேரில் சர்வருக்குள் வந்து, உங்கள் நண்பர்களிடமே பேசலாம். பேரு மாற்றியதை நண்பர்களிடம் சொல்லி வைப்பது அதனால்தான் நல்லது.

ப்ளேஸ்டேஷனில் ஏன் இவ்வளவு பயமுறுத்துகிறார்கள்?

ப்ளேஸ்டேஷன் நெட்வொர்க் 2006இல் தொடங்கியது. ஆனால் ஆன்லைன் ஐடியை மாற்றும் வசதி 2019 ஏப்ரலில்தான் வந்தது. பன்னிரண்டு வருஷத்துக்கும் மேல் லட்சக்கணக்கானோர் சின்ன வயசில் வைத்த பேரோடேயே ஆடினார்கள். கேலிக்கு ஆளானவர்களும் உண்டு.

இவ்வளவு தாமதத்துக்குக் காரணம் நாம் மேலே பார்த்த அதே விஷயம்தான். பல பழைய கேம்கள் ஆடுபவரை நம்பரை வைத்துப் பார்க்கவில்லை, பேரை வைத்தே பார்த்தன. நீங்கள் எந்த லெவல் வரை வந்தீர்கள், என்ன வாங்கினீர்கள் என்பதெல்லாம் அந்தப் பேருக்குக் கீழேதான் எழுதப்பட்டிருக்கும். பேரு மாறினால் கேம் உங்களை யாரோ புது ஆள் என்று நினைத்துக்கொள்ளும்.

அதனால்தான் இப்போதும் சோனி எச்சரிக்கை காட்டுகிறது. 2018 ஏப்ரல் 1ஆம் தேதிக்குப் பின் வெளியான பிஎஸ்4 கேம்கள் பெரும்பாலும் பிரச்சனை செய்யாது. அதற்கு முந்தைய சில கேம்களில் சேமித்த ஆட்டம், கோப்பைகள், காசு கொடுத்து வாங்கிய பொருள்கள் காணாமல் போகலாம். பிஎஸ்3, வீட்டா கேம்கள் இதில் சேர்த்தியே இல்லை. பழைய கேம் எதையாவது இன்னும் விடாமல் ஆடிக்கொண்டிருந்தால், பிரச்சனை வரக்கூடிய கேம்களின் பட்டியலை சோனி வெப்சைட்டில் பார்த்துவிட்டு முடிவு பண்ணுங்க. மாற்றிய பிறகு ஏதாவது காணோம் என்றால் பழைய பேருக்கு இலவசமாகத் திரும்பலாம். பெரும்பாலான பிரச்சனைகள் அதில் சரியாகிவிடும்.

முதல் மாற்றம் இலவசம். அடுத்தடுத்த முறை கட்டணம் உண்டு, பிஎஸ் ப்ளஸ் சந்தா இருந்தால் பாதி அளவுதான்.

எக்ஸ்பாக்ஸில் கேமர்டேக் என்பார்கள். அக்கவுண்ட் திறந்தபோது தானாக வந்த பேரு என்றால் முதல் மாற்றம் இலவசம், அதன்பின் காசு. 2019 முதல் அங்கேயும் ஒரே பேரைப் பலர் வைத்துக்கொள்ளலாம். ஏற்கெனவே யாராவது எடுத்திருந்தால் பேருக்குப் பின்னால் ஹேஷ் குறியோடு நம்பர் சேரும். நின்டெண்டோ ஸ்விட்சில் தொல்லையே இல்லை. 10 எழுத்துக்குள் நிக்நேம், எப்போது வேண்டுமானாலும், இலவசம்.

செஸ் பிள்ளைகளின் பெற்றோருக்கு

நம்ம ஊரில் கேம் என்றால் அப்பா அம்மா முறைப்பார்கள், செஸ் என்றால் அவர்களே அக்கவுண்ட் திறந்து கொடுப்பார்கள். அங்கேதான் குழந்தையின் முழுப்பேரும் பிறந்த வருஷமும் அதிகம் போகிறது.

செஸ் டாட் காமில் யூசர்நேமை ஒரே ஒருமுறைதான் மாற்ற முடியும். லிசெஸில் அதுவும் கிடையாது. பெரிய எழுத்து, சின்ன எழுத்து மாற்றம் மட்டும்தான். பேரு பிடிக்கவில்லை என்றால் அந்த அக்கவுண்டை மூடிவிட்டு, ரேட்டிங்கை விட்டுவிட்டு, புதிதாகத் தொடங்கணும். கோச்சிங் சேர்த்த அன்னைக்கே அவசரமாகத் திறக்காமல் ஐந்து நிமிஷம் யோசித்துப் பேரு வைப்பது நல்லது.

பேரு மாத்தினா ஒளிஞ்சுக்கலாமா?

முழுசாக முடியாது. ஸ்டீம் புரொஃபைலில் பேருக்குப் பக்கத்தில் இருக்கும் சின்ன அம்புக்குறியைத் தொட்டால், அந்த ஆள் இதற்கு முன் வைத்திருந்த பேர்கள் வரிசையாகத் தெரியும். அதை அழிக்கும் வசதி அதே இடத்தில்தான் இருக்கிறது. பேரு மாற்றியவர்கள் பலர் அந்த இரண்டாவது வேலையைச் செய்வதே இல்லை.

மைன்கிராஃப்ட்டிலும் இப்படிப் பழைய பேர்களைத் தேடிப் பார்க்க முடிந்தது. ஆடுபவர்களின் பாதுகாப்பைக் காரணம் சொல்லி 2022 செப்டம்பரில் அந்த வசதியை நிறுத்தினார்கள். ஆனால் அதற்கு முன்பே தகவல்களைச் சேகரித்து வைத்த வெளி வெப்சைட்டுகள் உண்டு.

கேமில் உண்மையான பேரு தெரிந்தால் என்ன ஆகும் என்பதற்கு 2010இல் ஒரு பாடம் கிடைத்தது. வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் தயாரித்த ப்ளிஸார்ட் நிறுவனம், தங்கள் விவாதப் பக்கங்களில் எழுதுபவர்களின் நிஜப் பேரு இனி தெரியும் என்று ஜூலை 6ஆம் தேதி அறிவித்தது. நம்பிக்கை தருவதற்காக நிறுவன ஊழியர் ஒருவரே தன் பேரை வெளியிட்டார். கொஞ்ச நேரத்தில் அவரது வீட்டு முகவரி வரை தோண்டி எடுத்துப் போட்டுவிட்டார்கள். எதிர்ப்பு கிளம்ப, ஜூலை 9ஆம் தேதி அறிவிப்பு வாபஸ். பெண்கள் பலர் ஆண் பேரில் ஆடுவது ஏன் என்று கேட்பவர்களுக்கு இதைவிடப் பெரிய விளக்கம் தேவையில்லை.

ஒருவரிடம் இருந்து விலகத்தான் பேரை மாற்றுகிறீர்கள் என்றால், வரிசை முக்கியம். முதலில் அந்த நபரையும், அவருக்குத் தகவல் சொல்லக்கூடிய பொது நண்பர்களையும் லிஸ்டில் இருந்து நீக்குங்கள். பிளாக் செய்யுங்கள். புரொஃபைலை பிரைவேட் ஆக்குங்கள். பழைய பேர்களை அழியுங்கள். அதன்பின் பேரை மாற்றுங்கள். முதலில் பேரை மாற்றினால், அவரது நண்பர்கள் லிஸ்டிலேயே உங்கள் புதுப் பேரு தெரியும். புதுப் பேரு உங்கள் இன்ஸ்டா ஐடியாக இருக்கவே கூடாது. மிரட்டல், ஆபாச மெசேஜ் என்று போனால் சைபர் க்ரைம் போர்ட்டலில் புகார் செய்யலாம். காசு போயிருந்தால் உடனே 1930க்கு அழைக்கணும். பாதிக்கப்பட்டது குழந்தை என்றால் 1098.

தமிழ்ல பேரு வைக்கலாமா?

ஸ்டீமில் தாராளமாக வைக்கலாம். ப்ளேஸ்டேஷன், மைன்கிராஃப்ட் ஜாவா போன்றவற்றில் ஆங்கில எழுத்தும் எண்ணும்தான் ஏற்கும். தமிழ் ஏற்கும் இடங்களிலும் ஒரு குழப்பம் உண்டு. 'கார்த்திக்' என்பது நம் கண்ணுக்கு 5 எழுத்து. கம்ப்யூட்டருக்கோ கால், புள்ளி, கொக்கி எல்லாம் தனித்தனிக் கணக்கு, மொத்தம் 10. சின்னப் பேருதானே, ஏன் 'பேர் நீளம்' என்று சொல்கிறது என்று திகைக்க வேண்டாம்.

வளைந்து நெளிந்த டிசைன் எழுத்துகளை எங்கிருந்தோ காப்பி செய்து போடுவது இன்னொரு ஃபேஷன். பார்க்க கெத்தாக இருக்கும். ஆனால் நண்பர் உங்களைத் தேடி டைப் செய்ய முடியாது. ஆங்கிலத்தின் பெரிய 'ஐ'யும் சின்ன 'எல்'லும் ஒரே மாதிரி தெரிவதை வைத்து, பிரபல யூடியூபர் பேரிலேயே ஐடி திறந்து ஏமாற்றுபவர்களும் இருக்கிறார்கள். "நான்தான் அண்ணா, யூசி அனுப்பு" என்று வந்தால் யூஐடி நம்பரைச் சரிபாருங்கள்.

இதே ரகத்தில் வருவதுதான் 'ஃப்ரீ ரீநேம் கார்டு' லிங்க். லாகின் கேட்கும், ஓடிபி கேட்கும், கொடுத்தால் அக்கவுண்டே போகும். பேரு மாற்றும் வேலை கேமுக்குள்ளேயோ அந்த நிறுவனத்தின் வெப்சைட்டிலோ மட்டும்தான் நடக்கும்.

டோர்னமெண்டுக்குப் பேரு கொடுத்திருந்தால் அது முடிந்த பிறகு மாற்றுங்கள். பதிவில் ஒரு பேரு, லாபியில் ஒரு பேரு என்றால் ரூமில் இருந்து தூக்கிவிட வாய்ப்பு உண்டு. மாற்றிய பிறகும் பழைய பேரே தெரிந்தால் பதற வேண்டாம். ஒருமுறை லாக் அவுட் செய்து உள்ளே வாங்க, பெரும்பாலும் அதிலேயே சரியாகிவிடும்.