நகர் நிகமும் மாங்குளமும்

வடக்கே குடித்தனம் நடத்தும் நம்மவர் வீடுகளில் பிள்ளைகள் ஸ்கூலில் இருந்து கேட்டுவரும் கேள்வி ஒன்று உண்டு: "தமிழ் சமஸ்கிருதத்துல இருந்து வந்ததாமே?" அப்பாக்கள் ஒன்று தலையாட்டுவார்கள், இல்லை கோபப்படுவார்கள். இரண்டுமே தேவையில்லை.

குப்பை வண்டியில் 'நகர் நிகம்' என்று எழுதியிருக்குமே, அந்த நிகமை எடுத்துக்கொள்வோம். எல்.ஐ.சி.யின் ஹிந்திப் பெயரிலும் அது உண்டு, பாரதீய ஜீவன் பீமா நிகம். (நடுவில் இருக்கும் பீமா பாரசீகம்!) நிகமம் என்றால் பழைய நாளில் வணிகர் குழு.

இதே சொல் மதுரை பக்கத்து மாங்குளம் மலையில் இருக்கிறது. சமண முனிவர் தங்கிய குகையில், தமிழ் பிராமி எழுத்தில், வெள்ளறை 'நிகமத்தோர்' கொடுத்த கொடை. கி.மு. 2-ம் நூற்றாண்டு என்கிறார் ஐராவதம் மகாதேவன். எனக்குப் பிடித்தது அந்த 'ஓர்' விகுதிதான். சொல் வடக்கே இருந்து வந்தது, வந்த கையோடு தமிழ் இலக்கணத்துக்குள் உட்கார்ந்துவிட்டது. கொண்டுவந்தது பண்டிதர்கள் அல்ல. வியாபாரிகளும் சமணர்களும், பிராகிருதம் வழியாக.

கோவலனின் அப்பா மாசாத்துவான் பெயரும் அப்படித்தான். வணிகக் கூட்டத்தை நடத்திப்போகும் 'ஸார்த்தவாஹன்' தேய்ந்து தேய்ந்து சாத்துவான் ஆனான்.

ஆக, கடன் வாங்கினோம். கடன் வாங்கினால் பிள்ளை ஆகிவிடுவோமா? கண், கை, ஒன்று, இரண்டு, வினைச்சொல் அமைப்பு எல்லாம் வேறு குடும்பம். கால்டுவெல் 1856-லேயே இதை விரிவாக எழுதிவிட்டார்.

ஹிந்தி கதை வேறு. அது அந்தக் குடும்பத்துப் பிள்ளையேதான், ஆனால் அங்கேயும் தேய்மானம் உண்டு. வட்டிக்கு அவர்கள் சொல்லும் 'ப்யாஜ்', சமஸ்கிருத 'வ்யாஜ'த்தில் இருந்து வந்தது. மூலப்பொருள் சாக்கு, ஏமாற்று. (வாராக்கடன் வசூலுக்கு அலைந்தவர்களுக்குப் பொருத்தம் புரியும்.)

1950-ல் அரசியல் சட்டத்தின் 351-வது பிரிவு, ஹிந்திக்கு வேண்டிய சொற்களை முதன்மையாக சமஸ்கிருதத்தில் இருந்து எடுக்கச் சொன்னது. அப்புறம் கமிட்டி போட்டுச் சொற்கள் செய்தார்கள். எங்கள் படிவங்களில் கடனுக்கு 'ரிண்', முன்பணத்துக்கு 'அக்ரிம்'. தேயாத, பளபளக்கும் சொற்கள். கவுன்ட்டரில் நிற்கும் ஹிந்திக்காரர் கேட்பது என்னவோ லோன்தான். வயதானவராக இருந்தால் கர்ஜா, அது அரபி.