விளையாட்டு எங்கே இருக்கிறது? ஒரு முகவரியின் வரலாறு

கணினியில் நிறுவப்பட்ட விளையாட்டு எந்த இடத்தில் இருக்கிறது என்னும் கேள்வி, கணினி விளையாட்டை விட ஏறத்தாழ இருபது ஆண்டு இளையது. 1962இல் எம்.ஐ.டி.யில் பிடிபி-1 கணினிக்காக ஸ்டீவ் ரஸ்ஸலும் அவருடைய தோழர்களும் உருவாக்கிய ‘ஸ்பேஸ்வார்’ துளையிட்ட காகித நாடாவில் இருந்தது. நாடாவை எடுத்தவர் விளையாட்டையே எடுத்தவர். 1977இல் வந்த அட்டாரி 2600க்கு விளையாட்டு என்பது ஒரு கார்ட்ரிட்ஜ்; 1982இன் இசட்எக்ஸ் ஸ்பெக்ட்ரமுக்கு ஓர் ஒலிநாடா. நாடாவிலிருந்து நினைவகத்தில் ஏறியது மின்சாரம் நின்றதும் மறைந்தது. விளையாட்டைத் தேட வேண்டிய இடம் வீட்டு அலமாரி.

ஐபிஎம் தனிக்கணினி 1981இல் வெளிவந்தபோதும் நிலைமை பெரிதாக மாறவில்லை. அதன் முதல் டாஸ் இயங்குதளத்தில் உட்பிரிவு என்ற கருத்தே கிடையாது. 160 கிலோபைட் நெகிழ்வட்டில் அதிகபட்சம் 64 கோப்புகள், அத்தனையும் ஒரே பட்டியலில். மார்ச் 1983இல் 10 மெகாபைட் வன்தட்டுடன் ஐபிஎம் எக்ஸ்டி வந்தது. அதனுடன் வந்த டாஸ் 2.0 அடைவுகளுக்குள் அடைவுகளை அனுமதித்தது. நெகிழ்வட்டுகளுக்கு ஏ, பி என்னும் எழுத்துகள் போய்விட்டதால் வன்தட்டு ‘சி’ ஆயிற்று. சாய்கோடு முன்பே கட்டளைகளின் விருப்பத் தெரிவுகளைக் குறிக்கப் பயன்பட்டுவந்ததால், பாதைகளைப் பிரிக்கப் பின்சாய்கோடு அமர்த்தப்பட்டது. இன்றும் விண்டோஸ் பாதை ஒவ்வொன்றின் தொடக்கத்திலும் இவ்விரு தற்செயல்களும் நிற்கின்றன.

‘டைரக்டரி’ என்பதற்குத் தமிழில் வழங்கும் ‘அடைவு’ இங்குக் கவனிக்கத் தக்கது. சொல்லடைவு, நூலடைவு என்னும் வழக்குகளில் அது பட்டியலைக் குறிக்கும். கணினியின் உள்ளமைப்பிலும் அது பட்டியல்தான்: பெயர் ஒருபுறம், தட்டில் அப்பெயருக்குரிய தரவு தொடங்கும் இடம் மறுபுறம். பின்னர் வரைகலைத் திரைகள் பரப்பிய ‘ஃபோல்டர்’, அதன் தமிழாக்கமான ‘கோப்புறை’ ஆகியவை பொருள்களை உள்ளே வைக்கும் பையைக் கற்பனை செய்யச் சொல்கின்றன. இரண்டில் துல்லியமான சொல் பழைய சொல்லே.

யூனிக்ஸ் உலகம் இக்கேள்விக்கு முன்பே விடை கண்டிருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். அங்கு ‘யூஎஸ்ஆர்’ அடைவினுள் ‘கேம்ஸ்’ என்றே தனியிடம் இருந்தது. கையேட்டின் ஆறாம் பிரிவு விளையாட்டுகளுக்குரியது. லினக்ஸ் வழங்கல்கள் பின்பற்றும் கோப்பு அமைப்புத் தரம் இந்த ஏற்பாட்டை இன்றும் காக்கிறது: நிரல்கள் ஓரிடத்தில், வெற்றிப் புள்ளிகள் போன்ற மாறும் தரவுகள் வேறோரிடத்தில். தனிக்கணினி உலகம் இந்தப் பிரிவினையைக் கற்றுக்கொள்ள நெடுங்காலம் பிடித்தது. அதற்குள் பலருடைய சேமிப்புகள் அழிந்தும் போயின.

டாஸ் காலத்தில் முகவரியைப் பயனரே எழுதினார். விளையாட்டுக்கு ஓர் அடைவை உருவாக்கி, நெகிழ்வட்டுகளிலிருந்து கோப்புகளைப் படியெடுத்து, அவ்வடைவுக்குள் சென்று நிரலின் பெயரைத் தட்டச்சிட்டால்தான் விளையாட முடியும். இடம் தெரியாதவருக்கு விளையாட்டு இல்லை. பெயருக்கு எட்டு எழுத்து, பின்னொட்டுக்கு மூன்று என்னும் கட்டுப்பாடு, உயிரெழுத்துகளை விழுங்கிய விந்தையான சுருக்கங்களைப் பிறப்பித்தது. டிசம்பர் 1993இல் ஐடி சாஃப்ட்வேர் வெளியிட்ட ‘டூம்’ தன் வரைபடங்கள், ஒலிகள், உருவங்கள் அனைத்தையும் ‘வாட்’ என்னும் பின்னொட்டுடைய ஒரே பெருங்கோப்பில் அடைத்தது. அப்பின்னொட்டுக்குச் சொல்லப்படும் விரிவு ‘தரவெல்லாம் எங்கே?’ என்னும் பொருளுடைய ஆங்கிலக் கேள்வி. அந்த ஒரு கோப்பின் இருப்பிடம் அறிந்த இளைஞர்கள் தாமே புதிய வாட்களை உருவாக்கிப் பரப்பினர். டூமின் நீண்ட ஆயுளுக்கு இதுவே முதற்காரணம்.

குறுவட்டு இந்தத் தெளிவைக் குலைத்தது. ஏறத்தாழ 650 மெகாபைட் கொள்ளும் வட்டுக்கு முன் அன்றைய வன்தட்டுகள் பல சிறியவை. ஆகவே நிறுவல் நிரல்கள் குறைந்தபட்சம், வழக்கமானது, முழுமை எனப் பேரம் பேசின. ஒரு பகுதி வன்தட்டில், எஞ்சியது வட்டில். கோப்புகள் எல்லாம் வன்தட்டிலேயே இருந்தாலும் வட்டைச் செருகாமல் தொடங்க மறுத்த விளையாட்டுகளும் வந்தன. இருக்கும் இடமும் உரிமையின் சான்றும் பிரிந்த தருணம் இது.

ஆகஸ்ட் 1995இல் வந்த விண்டோஸ் 95 ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ என்னும் பொது இருப்பிடத்தை நிறுவியது. நீண்ட பெயர்கள் சாத்தியமாயின. ஆனால் பழைய நிரல்களுக்காக அதே கோப்புறை ‘புரோக்ரா’ என்ற ஆறெழுத்து, ஓர் அலைக்குறி, எண் 1 எனச் சுருங்கிய மறுபெயரையும் சுமந்தது. ஜெர்மன் பதிப்பில் அதன் பெயரே ‘புரோகிராம்மெ’ என்று வேறாக இருந்தது. ஆங்கிலப் பெயரை நிரலுக்குள் நேரடியாக எழுதிவைத்தவர்கள் பிற மொழிக் கணினிகளில் இடறி விழுந்தனர். விஸ்டாவிலிருந்து உண்மைப் பெயர் எங்கும் ஆங்கிலம். உள்ளூர் மொழி திரையில் மட்டும் காட்டப்படும் வேடம். இருப்பிடத்தின் அதிகாரபூர்வப் பதிவு ‘ரிஜிஸ்ட்ரி’ எனும் பதிவகத்துக்குச் சென்றது. முகப்புத் திரையில் மினுங்கும் சின்னமோ வெறும் சுட்டி. அச்சின்னத்தை அழித்துவிட்டு விளையாட்டையே நீக்கிவிட்டதாக நம்பியவர்கள் எல்லாத் தலைமுறையிலும் உண்டு. வன்தட்டு நிறைந்த பின்பே உண்மை தெரியவரும்.

2007இல் பொதுமக்களுக்கு வந்த விஸ்டா, நிரல் இருக்கும் கோப்புறையில் சாதாரணப் பயனர் எழுதுவதைத் தடுத்தது. பாதுகாப்பு நோக்கில் சரியான முடிவு. ஆனால் சேமிப்புகளைத் தம் கோப்புறையிலேயே எழுதிவந்த பழைய விளையாட்டுகள் முறிந்துபோகாமலிருக்க, ‘விர்ச்சுவல்ஸ்டோர்’ என்னும் மறைவிடத்துக்கு அவ்வெழுத்துகள் சந்தடியின்றித் திருப்பப்பட்டன. விளையாட்டு ஓரிடத்தில் எழுதியதாக நம்பும். கோப்பு வேறோரிடத்தில் கிடக்கும். ‘சேவ்டு கேம்ஸ்’ என்று பயனர் கணக்கிலேயே ஒரு கோப்புறையை மைக்ரோசாஃப்ட் தந்தும், சேமிப்புகள் ‘டாக்குமென்ட்ஸ்’ உள்ளேயும், இயல்பாகக் கண்ணுக்குத் தெரியாத ‘ஆப்டேட்டா’ உள்ளேயும் சிதறியே கிடந்தன. இன்றும் கிடக்கின்றன. விளையாட்டை எத்தனை முறை வேண்டுமானாலும் மீண்டும் பெறலாம். நூறு மணி நேர உழைப்பைத் தாங்கிய சில மெகாபைட்டுகளுக்குப் பெரும்பாலும் வேறு படி இல்லை. கணினியை வடிவமைக்கும் முன் பாதுகாக்க வேண்டியது எது என்பதில் பலர் தவறுவது இவ்விடத்தில்தான்.

வால்வ் நிறுவனத்தின் ‘ஸ்டீம்’ செப்டம்பர் 2003இல் தொடங்கியது. அடுத்த ஆண்டு வந்த ‘ஹாஃப்-லைஃப் 2’ அதைக் கட்டாயமாக்கியது. முகவரி எழுதும் வேலை பயனரிடமிருந்து நழுவியது இக்கட்டத்தில். தொடக்க ஆண்டுகளில் வால்வின் விளையாட்டுகள் ‘ஜிசிஎஃப்’ என்னும் பெருங்கோப்புகளுக்குள் அடைபட்டிருந்தன. ‘கவுன்டர்-ஸ்ட்ரைக்’ போன்றவற்றின் திறந்த கோப்புகள் ‘ஸ்டீம்ஆப்ஸ்’ கோப்புறையினுள் பயனரின் கணக்குப் பெயரிலேயே அமைந்த உட்கோப்புறையில் கிடந்தன. 2013இல் விநியோக முறை மாறியபோது அவை ‘காமன்’ என்னும் உட்கோப்புறைக்குப் பெயர்ந்தன. பாதையிலிருந்து ஆளின் பெயர் நீங்கியது. ‘பொது’ அவ்விடத்தைப் பிடித்தது.

இந்தக் ‘காமன்’ கோப்புறை பெயராய்வாளருக்கு நல்ல விருந்து. ஜூலை 2013இல் முழுமையாக வெளியான ‘டோட்டா 2’ இன்றும் ‘டோட்டா 2 பீட்டா’ என்னும் கோப்புறையில்தான் வாழ்கிறது. சோதனைக் காலப் பெயரை யாரும் மாற்றவில்லை. 2023இல் ‘கவுன்டர்-ஸ்ட்ரைக் 2’ தன் முன்னோடியை நீக்கிவிட்டு அவ்விடத்தில் அமர்ந்தது. ஆனால் அதைத் தேடுபவர் ‘கவுன்டர்-ஸ்ட்ரைக் குளோபல் அஃபென்சிவ்’ என்னும் பழைய பெயருள்ள கோப்புறையைத்தான் திறக்க வேண்டும். நகரம் 1995இல் மும்பை ஆன பிறகும் உயர்நீதிமன்றமும் ஐஐடியும் பம்பாயாகவே நீடிப்பதைப் போன்றது இது. பெயரை மாற்றினால் அதைச் சுட்டும் ஆயிரம் ஆவணங்கள் வழி தவறும். ஸ்டீமின் உள்ளே விளையாட்டின் உண்மையான அடையாளம் எண்தான். மேற்சொன்ன கவுன்டர்-ஸ்ட்ரைக்குக்கு அது 730. அவ்வெண்ணைத் தாங்கிய ஒரு சிறு உரைக்கோப்பு ‘ஸ்டீம்ஆப்ஸ்’ கோப்புறையிலேயே இருக்கிறது. எந்தக் கோப்புறை எந்த விளையாட்டுக்குரியது என்பதை அதைத் திறந்து வாசித்தே அறியலாம். நிரலினுள் ‘உள்ளகக் கோப்புகளைக் காண்க’ என்னும் பொருள்பட ஒரு தெரிவும் உண்டு. இந்த அளவில் ஸ்டீம் வெளிப்படையானது.

மைக்ரோசாஃப்ட் கடை அவ்வாறு இருக்கவில்லை. 2012க்குப் பின் அதன்வழி வந்தவை ‘விண்டோஸ்ஆப்ஸ்’ கோப்புறையில் அமர்ந்தன. கணினியின் உரிமையாளரே அதைத் திறக்க முயன்றால் அனுமதி இல்லை என்னும் அறிவிப்பு வரும். எதிர்ப்புக்குப் பின்னரே ‘எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்’ என்னும் திறந்த கோப்புறை வந்தது. இந்தியாவில் விளையாடுவோரில் மிகப் பலருக்குக் கணினி என்பதே கைப்பேசிதான். அங்கும் 2020இன் ஆண்ட்ராய்டு 11 செயலிகளின் தரவுக் கோப்புறைகளைப் பொதுவான கோப்பு மேலாளிகளிடமிருந்து பூட்டியது. இவற்றுக்கெல்லாம் தனியுரிமை, பாதுகாப்பு எனத் தக்க காரணங்கள் உண்டு. எனினும் பூட்டின் மறுபுறம் இருப்பது வாங்கியவரின் பொருளா என்பது வேறு கேள்வி.

அக்கேள்விக்கு 2024இல் ஒரு விடை கிடைத்தது. 2014இல் வெளியான யூபிசாஃப்டின் ‘தி க்ரூ’ என்னும் கார்ப் பந்தய விளையாட்டின் சேவையகங்கள் மார்ச் 31 அன்று நிறுத்தப்பட்டன. கோப்புறை இருந்தது, உள்ளே வண்டிகளும் சாலைகளும் நகரங்களும் பெரும்பாலும் அப்படியே இருந்தன, தனியாளாக ஆடவும் இணைப்பு வேண்டும் என்று வடிவமைக்கப்பட்டிருந்ததால் விளையாட முடியவில்லை. அவ்வாண்டு அக்டோபரில், வாங்குவது விளையாட்டை அன்று, அதற்கான உரிமத்தையே என்னும் அறிவிப்பை ஸ்டீம் தன் விற்பனைப் பக்கத்தில் இட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் வெளியிட்ட ஆய்வு, அந்நாட்டில் வெளியான செவ்வியல் விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையில் இல்லை என்றது. அவற்றுள் பலவற்றின் எஞ்சிய படிகள், யாரோ ஒருவரின் பழைய வன்தட்டில், எட்டெழுத்துப் பெயருள்ள ஓர் அடைவில் இருக்கக்கூடும்.

2022இல் வால்வ் விற்கத் தொடங்கிய ‘ஸ்டீம் டெக்’ கையடக்கக் கணினி லினக்ஸில் இயங்குவது. இயக்ககங்களுக்கு எழுத்துப் பெயரிடும் வழக்கம் அதற்கு இல்லை. விண்டோஸ் விளையாட்டுகளை ‘புரோட்டான்’ என்னும் இடைநிலை மென்பொருள் அதில் ஓட்டுகிறது. சேமிப்புக் கோப்பைத் தேடிச் செல்பவர் அந்த விளையாட்டின் எண்ணைத் தாங்கிய ஒரு கோப்புறையைத் திறக்கிறார். அதற்குள்ளே ‘டிரைவ் சி’ என்றொரு கோப்புறை. அதற்குள் ‘புரோகிராம் ஃபைல்ஸ்’. அருகே ‘ஸ்டீம்யூசர்’ என்னும் கற்பனைப் பயனரின் ‘டாக்குமென்ட்ஸ்’.