திரையில் அகப்பட்ட இரசிகர்

அமெரிக்காவின் பெரும் பேஸ்பால் அணிகளுடைய ஆட்டம் முதன்முறையாகத் தொலைக்காட்சியில் காட்டப்பட்ட நாள் 1939 ஆகஸ்டு 26. இடம், புரூக்ளினின் எபெட்ஸ் ஃபீல்டு அரங்கம். டாட்ஜர்ஸ் அணி சின்சினாட்டி ரெட்ஸ் அணியுடன் மோதியது. ரெட் பார்பர் வர்ணனை செய்தார். இருந்தவை இரண்டே காமிராக்கள். பந்தைப் பின்தொடரவே அவை திணறியிருக்கும். பார்வையாளரின் முகத்தைத் தேட அவற்றுக்கு நேரமேது?

இத்தனைக்கும் அந்த அரங்கின் இரசிகர்கள் புகழ்பெற்றவர்கள். ஹில்டா செஸ்டர் என்னும் பெண்மணி மாட்டு மணி ஒன்றைக் கையில் ஏந்தி, கூரையற்ற மலிவு இருக்கைகளிலிருந்து ஓயாது ஒலித்துக் கொண்டிருப்பார். சுருதி பிசகி வாசிப்பதையே பெருமையாகக் கொண்ட வாத்தியக் குழு ஒன்றும் அங்கு இருந்தது. ஊருக்கு அவர்கள் செல்லப் பிள்ளைகள். 1957-ஆம் ஆண்டுப் பருவம் முடிந்ததும் அணி லாஸ் ஏஞ்செல்சுக்குக் குடிபெயர்ந்தபோது, அந்த மணியோசையும் அடங்கிற்று.

காலப்போக்கில் காமிராக்கள் பெருகின. பந்து எறிவதற்கு இடையே ஓய்வு மிகுந்த விளையாட்டு இது. அந்த இடைவெளிகளை நிரப்பத் தொலைக்காட்சிக்குக் கிடைத்தவை இரசிகர்களின் முகங்களே. கூப்பிய கரங்கள், கடித்த நகங்கள், கண்ணீர் எல்லாம் வீட்டுக்கூடத்திற்கு வந்தன. இதில் ஓர் அன்பு உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. ஆபத்தும் உண்டு.

2003 அக்டோபர் 14. சிகாகோவின் ரிக்லி ஃபீல்டு. 1945-க்குப் பின் உலகத் தொடர் இறுதியையே காணாத கப்ஸ் அணி, ஃபுளோரிடா மார்லின்சுக்கு எதிராக 3-0 என முன்னிலையில் இருந்தது. இன்னும் ஐவரை ஆட்டமிழக்கச் செய்தால் போதும். அப்போது லூயிஸ் காஸ்டியோ அடித்த பந்து இடப்புற விளிம்பை நோக்கி உயர்ந்தது. பேஸ்பாலில், பார்வையாளர் பகுதிக்கு வரும் பந்து பிடித்தவருக்கே சொந்தம். அதற்கெனக் கையுறையுடன் வருவோரும் உண்டு. பலர் கை நீட்டினர். ஒருவர் கையில் பட்டு விலகிற்று. அதைப் பிடிக்கத் தாவிய மோய்செஸ் அலூ வெகுண்டார்.

அந்த அரங்கில் அன்று மறுஒளிபரப்புக் காட்டும் பெருந்திரை இல்லை. ஆனால் தொலைக்காட்சி அந்தக் காட்சியை மீண்டும் மீண்டும் காட்டியது. கைப்பெட்டிகள் வழியாகவும் தொலைபேசி வழியாகவும் செய்தி இருக்கைகளுக்கிடையே பரவியது. இல்லங்களில் பார்த்தவர்கள், அரங்கில் இருந்தவர்களுக்குக் குற்றவாளியை அடையாளம் காட்டினர் என்றே சொல்ல வேண்டும். வசைமொழியும் பானங்களும் அவர்மீது பொழிந்தன. காவலர்கள் அவரை மறைத்து வெளியேற்றினர்.

அதன்பின் கப்ஸ் ஆட்டக்காரர் அலெக்ஸ் கொன்சாலஸ் எளிதான ஒரு பந்தைத் தவறவிட்டார். அதே சுற்றில் எதிரணி எட்டு ஓட்டங்கள் எடுத்தது. மறுநாளும் கப்ஸ் அணி தோற்றது. இவற்றிற்கெல்லாம் அந்த இரசிகர் என்ன செய்வார்? ஆனால் திரையில் திரும்பத் திரும்பக் கண்டது அவரது முகம். அவர் மனம் உடைந்து மன்னிப்புக் கோரினார். பிறகு பொதுவாழ்விலிருந்தே ஒதுங்கினார். அவர் பெயரை இங்கும் எழுதப் போவதில்லை.

2016-இல் கப்ஸ் அணி, 1908-க்குப் பின் முதன்முறையாக உலகத் தொடரை வென்றது. வெற்றி பெற்றோருக்கு வழங்கும் மோதிரங்களில் ஒன்றை, 2017-இல் அணி நிர்வாகம் அவருக்கும் அளித்தது. அவர் அதை ஏற்றுக்கொண்டார். ஆனால் எந்தக் காமிராவின் முன்னும் வரவில்லை.