மறுபதிப்பில் வந்த மேலதிகப் பாட்டுகள்



ஒரு இறுவட்டைப் பத்து வருடம் கழித்து மறுபடியும் விற்பதென்றால் வாங்குகிறவருக்கு ஒரு காரணம் காட்ட வேண்டும். பழைய பாட்டுகள் ஏற்கெனவே அவரது அலுமாரியில் இருக்கின்றன. அதனால்தான் கம்பனிகள் மேலதிகப் பாட்டுகளைச் சேர்க்கின்றன. யப்பானில் இது நெடுநாள் வழக்கம். அங்கே உள்ளூர்ப் பதிப்பை விட இறக்குமதி இறுவட்டு மலிவு என்பதால், உள்ளூர்ப் பதிப்பில் ஒன்றிரண்டு பாட்டைக் கூட்டி வைப்பார்கள். கணக்காளன் பார்வையில் நல்ல வியாபாரம்: ஒலிநாடா கையில் கிடக்கிறது, புதுச் செலவு சொற்பம்.

ஆனால் நம் பக்கத்து மிசிசாகாவின் பில்லி ரலன்ற் குழுவின் கதையில் வியாபாரத்துக்கு மேலும் ஒன்று உண்டு.

1993இல் ஸ்ரீற்ஸ்வில் பகுதியில் பள்ளிக்கூடப் பொடியன்கள் நால்வர் சேர்ந்தார்கள். கிற்றார் வாசிக்கும் இயன் டிசா, கோவாவைச் சேர்ந்த பெற்றோருக்கு இங்கிலாந்தில் பிறந்தவர். குழுவின் முதல் பெயர் 'பெஸ்'. அதே பெயரில் அமெரிக்காவில் இன்னொரு குழு இருந்ததால் 1999இல் பெயரை மாற்றினார்கள். பாடகர் பென் கொவலேவிச் ரொறன்ரோவின் 102.1 எட்ஜ் வானொலியில் வேலை பார்த்தவர். அங்கே கிடைத்த அறிமுகம்தான் பெரிய கம்பனியின் கதவைத் திறந்தது. (வானொலிக்காரர் நாங்கள் இதைச் சற்றுப் பெருமையோடு சொல்லலாம்!)

பன்னிரண்டு பாட்டுகளோடு முதல் பெரிய இறுவட்டு 2003 செப்ரெம்பரில் வந்தது. 2005 ஜூனோ விருதுகளில் சிறந்த இசைத்தொகுப்பு, சிறந்த குழு இரண்டும் அவர்களுக்கே. 2013இல் பத்தாண்டு நிறைவுப் பதிப்பு வெளியானது. அதில் சேர்ந்தவை முன்மாதிரிப் பதிவுகள். ஒப்பந்தம் கிடைக்குமோ தெரியாத நாட்களில், கம்பனிக்குப் போட்டுக் காட்டச் செய்யும் பதிவுகளைத்தான் அப்படிச் சொல்வது. என் தொழிலில் இப்படியான செலவை அந்த வருடமே எழுதித் தள்ளிவிடுவோம்; கையிருப்பில் காட்ட மாட்டோம். ஆனால் சரித்திரம் பார்க்கிறவனுக்கு முதல் இறுவட்டை விட இதுவே பெறுமதி. மெருகு ஏறுமுன் பாட்டு எப்படி நின்றது என்பதற்கு வேறு சான்று கிடையாது. ஸ்காபரோவில் நம் பிள்ளைகள் நிலவறைகளில் பதிந்த ஒலிநாடாக்களில் எத்தனை வீடு மாறும்போது குப்பைக்குப் போயினவோ!

இறுவட்டின் முதல் பாட்டு, நரம்பைத் தாக்கும் மல்ரிப்பிள் ஸ்கிளெரோசிஸ் நோய் கண்ட ஒரு நண்பனைப் பற்றியது. அந்த நண்பன் யாரென்று 2003இல் நேயர்களுக்குத் தெரியாது. 2006இல் மேளக்காரர் ஆரன் சொலொவொனியுக், அது தானே என்று பகிரங்கக் கடிதம் எழுதினார். ஆகவே 2013இல் மறுபதிப்பை வாங்கியவர்கள், அந்த மேளத்தை அடிப்பவரைப் பற்றியே பாட்டு என்று தெரிந்துகொண்டு கேட்டார்கள்.